நோயாளி முன்னே, தீர்ப்புப் பின்னே: கள்ளக்குறிச்சி உணர்த்தும் பொதுநல அறம்

முன்னுரை

தனியொருவருக்கு வரும் நோயை மருத்துவர் பார்க்கிறார். ஊர் முழுவதையும் ஒரே வேளையில் தாக்கும் நோயை அரசும் மருத்துவரும் மக்களும் சேர்ந்தே எதிர்கொள்ள வேண்டியுள்ளது. அப்போது மருந்து பற்றிய வினாக்களோடு அறம் பற்றிய வினாக்களும் எழுகின்றன. யாரை முதலில் காப்பது? உண்மையை எப்போது சொல்வது? யாருடைய உரிமையை எந்த அளவுக்குக் கட்டுப்படுத்துவது? தன் செயலாலேயே துன்பத்தை வரவழைத்துக் கொண்டவருக்குப் பொதுப்பணத்தைச் செலவிடுவது முறையா? இவற்றை ஆராய்வதே பொதுநல அறம்.

இவ்வினாக்களை அண்மைக் காலத்தில் நம் மாநிலத்தில் கூர்மையாக எழுப்பிய ஊர் கள்ளக்குறிச்சி. அங்கு 2024 ஜூனில் நேர்ந்தது தொற்றுநோய் அன்று. நச்சுச் சாராயத்தால் வந்த பேரிழப்பு. ஆயினும் ஒரே மூலத்திலிருந்து பலர் ஒரே வேளையில் வீழ்ந்தமையும், அச்சமும், மறைப்பும், பழி கூறலும் கொள்ளைநோய்க் காலத்தின் இயல்புகளேயாம். ஆகவே அந்நிகழ்ச்சியை நடுவே வைத்து, ஒரு சமுதாயம் தன் நோயாளிகளை எவ்வாறு நோக்க வேண்டும் என்பதை இக்கட்டுரையில் ஆராய்கிறோம்.

மலையும் ஊரும்

கள்ளக்குறிச்சி, விழுப்புரம் மாவட்டத்திலிருந்து பிரிக்கப்பட்டு 2019 நவம்பர் 26 முதல் தனி மாவட்டமாக இயங்கி வருகிறது. அதன் மேற்கே கிழக்குத் தொடர்ச்சி மலையின் ஒரு பகுதியாகிய கல்வராயன் மலை நிற்கிறது. வடபகுதியைச் சின்னக் கல்வராயன் என்றும், உயரமான தென்பகுதியைப் பெரிய கல்வராயன் என்றும் வழங்குவர். கோமுகி ஆறு இம்மலையில் பிறந்து கள்ளக்குறிச்சி வழியே செல்கிறது. வெள்ளிமலை, மலை வட்டத்தின் தலைமை ஊராகும்.

மலையில் வாழ்வோருள் பெரும்பாலோர் மலையாளி எனப்படும் பழங்குடியினர். பெயர் கேரளத்தை நினைவூட்டினும் இவர்கள் தமிழ் பேசுவோரே. சாமை, நெல், மரவள்ளி ஆகியவற்றைப் பயிரிடுவர். விளைச்சல் போதாத காலங்களில் கூலி வேலைக்காகக் கீழ்நாட்டுக்கும் அண்டை மாநிலங்களுக்கும் செல்வர். நாடு விடுதலை பெற்ற பின்னரும் இம்மலை பல்லாண்டுகள் ஜாகிர்தார்களின் பிடியில் இருந்தது. சாலையும் பள்ளியும் மருத்துவமனையும் இங்கே காலம் தாழ்ந்தே வந்தன என்பதை இவ்வரலாற்றோடு சேர்த்தே எண்ண வேண்டும். மலையின் ஓடைக்கரைகளில் ஊறல் போட்டுச் சாராயம் காய்ச்சும் தொழிலும், அதை ஒடுக்கக் காவலர் மலையேறும் வழக்கமும் நெடுங்காலமாகத் தொடர்ந்து வந்தவை.

2024 ஜூனில் நிகழ்ந்தது

கள்ளக்குறிச்சி நகரையொட்டிய கருணாபுரத்தில் 2024 ஜூன் 18 அன்றும் அதை ஒட்டிய நாள்களிலும் பாக்கெட் சாராயம் குடித்தோர் வயிற்றுவலி, வாந்தி, கண் மங்கல், மூச்சுத்திணறல் ஆகியவற்றால் துன்புற்றனர். இவர்களுள் பெரும்பாலோர் அன்றாடக் கூலி உழைப்பாளர், பெண்களும் இருந்தனர். இருநூறுக்கு மேற்பட்டோர் கள்ளக்குறிச்சி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையிலும், சேலம், விழுப்புரம், புதுச்சேரி ஜிப்மர் மருத்துவமனைகளிலும் சேர்க்கப்பட்டனர். அறுபத்தைந்துக்கும் குறையாத உயிர்கள் பிரிந்தன. ஒரே வீட்டில் தாயையும் தந்தையையும் இழந்த பிள்ளைகளும் உண்டு.

சாராயத்தில் மெத்தனால் கலந்திருந்தமையே காரணம் என ஆய்வில் தெரிந்தது. மாவட்ட ஆட்சியர் மாற்றப்பட்டார்; காவல் கண்காணிப்பாளர் பணியிடை நீக்கம் செய்யப்பட்டார். ஓய்வு பெற்ற நீதிபதி பி. கோகுல்தாஸ் தலைமையில் ஒருநபர் ஆணையம் அமைக்கப்பட்டது. சிபிசிஐடி நடத்திய புலனாய்வை 2024 நவம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் சிபிஐக்கு மாற்றியது.

இஃது எதிர்பாராத முதல் நிகழ்ச்சியும் அன்று. ஓராண்டுக்கு முன், 2023 மே மாதத்தில், மரக்காணம் அருகே எக்கியார்குப்பத்திலும் செங்கல்பட்டு மாவட்டத்திலும் மெத்தனால் கலந்த சாராயத்தால் இருபதுக்கு மேற்பட்டோர் இறந்திருந்தனர். ஒரு முறை கற்ற பாடத்தை மறந்தால் அடுத்த முறை அதன் விலை கூடுகிறது என்பதைக் கள்ளக்குறிச்சி காட்டியது.

நஞ்சின் இயல்பும் காலத்தின் அருமையும்

மெத்தனால் தொழிற்சாலைகளில் கரைப்பானாகவும் மூலப்பொருளாகவும் பயன்படுவது. மணத்தாலும் சுவையாலும் அதைச் சாதாரணச் சாராயத்திலிருந்து குடிப்பவரால் பிரித்தறிய இயலாது. உடலுக்குள் சென்றபின் கல்லீரல் அதை முதலில் பார்மால்டிஹைடாகவும், பின்னர் பார்மிக் அமிலமாகவும் மாற்றுகிறது. கண் நரம்பைத் தாக்கிப் பார்வையைப் பறிப்பதும், குருதியின் அமிலத்தன்மையைக் கூட்டி உயிரைப் பறிப்பதும் இந்த அமிலமே.

இம்மாற்றம் மெல்ல நிகழ்வதால் குடித்த முதற்சில மணி நேரத்தில் வழக்கமான மயக்கமே தெரியும். பெரும்பாலும் 12 முதல் 24 மணி நேரம் கழிந்த பின்னரே கொடிய அறிகுறிகள் தோன்றும். அந்த இடைவெளிக்குள் மருத்துவமனையை அடைபவரைக் காப்பாற்ற வழி உண்டு. மெத்தனால் நஞ்சாக மாறுவதைத் தடுக்கும் போமெபிசோல் என்னும் மருந்தோ, மருத்துவர் அளவறிந்து செலுத்தும் எத்தனாலோ மாற்று மருந்தாகும். அமிலத்தைத் தணிக்கச் சோடியம் பைகார்பனேட்டும், நஞ்சை வெளியேற்ற டயாலிசிஸும் துணை செய்கின்றன. வீட்டு வைத்தியம் எதுவும் இங்கே பயன்படாது. மேலும் சாராயம் குடித்து இதை முறித்துவிடலாம் என எண்ணுவதும் பேராபத்து.

இந்த மருத்துவச் செய்தியில் ஓர் அறச்செய்தி அடங்கியுள்ளது. நேற்றுக் குடித்து இன்று நடமாடிக் கொண்டிருக்கும் ஒருவரைக் காப்பது, "அந்தச் சாராயத்தில் நஞ்சு இருக்கிறது, குடித்த அனைவரும் உடனே வாருங்கள்" என்னும் அறிவிப்பே. கள்ளக்குறிச்சியில் முதலில் வந்த அரசுத் தரப்பு விளக்கம், இறப்புகளுக்குச் சாராயம் காரணம் என்பதை ஏற்கவில்லை என நாளிதழ்கள் எழுதின. தொடக்க நிலையில் ஐயம் எழுவது இயல்பே. ஆனால் ஐயம் உள்ள இடத்தில் மறுப்பதைவிட எச்சரிப்பதே அறம். எச்சரிக்கை பொய்த்தால் சிலர் வீணாக மருத்துவமனைக்கு வந்து திரும்புவர். மறுப்புப் பொய்த்தால் வர வேண்டியவர் வீட்டிலேயே இறப்பர். இரண்டு பிழைகளின் எடையும் ஒன்றன்று.

எச்சரிக்கை மட்டும் போதுமா? கேட்டவர் வெளியே வரவும் வேண்டும். சட்டத்துக்குப் புறம்பான சாராயத்தைக் குடித்தவருக்குக் காவலர் பற்றிய அச்சமும், ஊரார் பற்றிய நாணமும் ஒருங்கே உண்டு. அவர் மருத்துவரிடம் "ஏதோ ஒவ்வாத உணவு" என்று சொல்லிவிட்டால் சிகிச்சையும் தடம் மாறிவிடும். ஆகவே பழிக்கு அஞ்சி நோயாளி மறைவாராயின் அந்தப் பழிச்சொல்லே நஞ்சின் துணையாகிவிடுகிறது.

வரலாறு கூறும் சான்றுகள்

பழிச்சொல் நோயைப் பெருக்கும் என்பதற்கு இந்திய வரலாற்றில் சான்றுகள் பல. 1896இல் பம்பாயில் பிளேக் பரவியது. மறுஆண்டு ஆங்கில அரசு தொற்றுநோய்கள் சட்டத்தை இயற்றியது. புனேயில் படைவீரர்கள் வீடு வீடாகப் புகுந்து நோயாளிகளைத் தேடினர். மக்கள் நோயாளிகளை ஒளித்து வைத்தனர். அச்சமும் சினமும் முற்றி, 1897 ஜூனில் பிளேக் அதிகாரி ராண்ட் சுடப்பட்டார். நோயைத் தடுக்கப் புறப்பட்ட அரசு, நோயாளியைத் தன்னிடமிருந்து தானே விரட்டியது.

1986இல் சென்னையில் மருத்துவர் சுனிதி சாலமனும் அவர்தம் மாணவி நிர்மலாவும் இந்தியாவில் எச்.ஐ.வி. தொற்று இருப்பதை முதன்முதலாகக் கண்டறிந்தனர். அடுத்து வந்த ஆண்டுகளில் தொற்றுற்றோர் வேலையையும் வீட்டையும் உறவையும் இழந்தனர். சோதனைக்குச் செல்லவே பலர் அஞ்சினர். நோயாளியின் இசைவும் மறைகாப்பும் இருந்தால்தான் சோதனைக்கு மக்கள் வருவர் என்னும் பட்டறிவு, 2017ஆம் ஆண்டின் எச்.ஐ.வி. மற்றும் எய்ட்ஸ் சட்டத்தில் விதியாகவே இடம் பெற்றது.

கோவிட் காலம் நம் நினைவில் இன்னும் பசுமையாக உள்ளது. 2020 மார்ச்சில் தில்லி மாநாடு ஒன்றில் கலந்து கொண்டோரிடையே தொற்றுக் காணப்பட்டபோது, ஒரு சமயத்தார் அனைவர் மீதும் பழி சுமத்தும் பேச்சு நாடெங்கும் பரவியது. நோயாளிகளைச் சமயத்தின் பெயரால் வகைப்படுத்தலாகாது என ஏப்ரல் தொடக்கத்தில் உலக சுகாதார நிறுவனத்தின் அலுவலர் எடுத்துரைத்தார். எச்சமுதாயத்தையும் குறித்துப் பழி பேச வேண்டா என்று நடுவண் சுகாதார அமைச்சகமும் அறிவுறுத்தியது. மாநாட்டுக்கு வந்த வெளிநாட்டவர் மீதான வழக்குகளை 2020 ஆகஸ்டில் பம்பாய் உயர் நீதிமன்றத்தின் அவுரங்காபாத் அமர்வு தள்ளுபடி செய்தது. அதே ஏப்ரலில் சென்னையில், கோவிட் நோயால் இறந்த மருத்துவர் ஒருவரின் உடலை அடக்கம் செய்ய விடாமல் ஒரு கூட்டம் தாக்கியது. அச்சமுற்ற சமுதாயம் தனக்கு மருத்துவம் பார்த்தவரையும் விட்டு வைக்கவில்லை. இதற்கு மாறாக, சமயம் பாராமல் பிறர் உடல்களை எடுத்து அடக்கமும் தகனமும் செய்த இஸ்லாமிய இளைஞர்களையும் தமிழகம் அந்நாள்களில் கண்டது.

பழிக்கு ஆளாகி நின்ற அனுபவம் உடைய நாம், வேறொருவர் பழிக்கு ஆளாகும்போது எந்தப் பக்கம் நிற்கப் போகிறோம்? கருணாபுரத்துக் கூலித் தொழிலாளியின் முன் இவ்வினா நமக்கும் உரியதாகிறது.

மரபு காட்டும் நெறி

"மது நமக்கு விலக்கப்பட்டது. விலக்கப்பட்டதைக் குடித்து மாண்டவருக்கு இரங்குவது தீமையை ஊக்குவிப்பதாகாதா?" என்று பெரியோர் சிலர் வினவுவதுண்டு. நேர்மையான வினா இது. நேர்மையாகவே விடை காண வேண்டும்.

இமாம் கஸ்ஸாலி அவர்கள் ஷரீஅத்தின் நோக்கங்களை ஐந்தாக வகுத்துள்ளார்கள்: மார்க்கம், உயிர், அறிவு, வழித்தோன்றல், பொருள் ஆகியவற்றைக் காத்தல். மது விலக்கு அறிவைக் காக்கும் நோக்கத்தைச் சார்ந்தது. மது அருந்தியவரின் உயிரைக் காப்பது உயிரைக் காக்கும் நோக்கத்தைச் சார்ந்தது. இரண்டும் ஒரே பட்டியலில் உள்ளன. ஒன்றன் பெயரால் மற்றொன்றைக் கைவிட இடமில்லை.

திருக்குறளிலும் இவ்விணைப்பைக் காணலாம். பொருட்பாலில் கள்ளுண்ணாமை 93ஆம் அதிகாரம். மருந்து 95ஆம் அதிகாரம். இரண்டுக்கும் இடையே சூது ஒன்றே நிற்கிறது. கள்ளைக் கடுமையாகக் கடிந்த வள்ளுவர், மருத்துவத்தின் உறுப்புகளாக நோயாளி, மருத்துவர், மருந்து, உடனிருந்து உதவுவோர் ஆகிய நால்வகையைக் கூறும்போது, கள்ளுண்டார்க்கு இது பொருந்தாது என்று விலக்கேதும் வைக்கவில்லை. நோயாளியின் நடத்தையை மருந்துக்குரிய தகுதியாக அவர் கருதவில்லை என்று கொள்வதில் தவறில்லை.

கொள்ளைநோய்க் கொள்கைக்கு இஸ்லாமிய வரலாற்றில் ஓர் அரிய முன்மாதிரியும் உண்டு. ஹிஜ்ரி 18ஆம் ஆண்டளவில் சிரியாவில் அம்வாஸ் பிளேக் பரவியபோது, கலீஃபா உமர் (ரலி) அவர்கள் சர்க் என்னுமிடம் வரை சென்றிருந்தார்கள். நுழைவதா, திரும்புவதா எனத் தாமாக முடிவெடுக்காமல் முஹாஜிர்களையும் அன்சாரிகளையும் குறைஷி மூத்தோரையும் தனித்தனியே அழைத்துக் கலந்தாய்ந்தார்கள். திரும்புவதென முடிவாயிற்று. இறைவிதிக்கு அஞ்சி ஓடுவதா என்று அபூ உபைதா (ரலி) வினவியபோது, காரணங்களைக் கைக்கொள்வதும் இறைவிதிக்கு உட்பட்டதே என்ற கருத்துப்பட விடையளித்தார்கள். பின்னர் அங்கு வந்த அப்துர் ரஹ்மான் இப்னு அவ்ஃப் (ரலி), நோய் பரவிய ஊருக்குள் செல்லவும் அங்கிருந்து வெளியேறவும் வேண்டா என்னும் நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் அறிவுரையை எடுத்துரைத்தார்கள். அபூ உபைதா (ரலி) தம் மக்களோடு தங்கி அந்நோயிலேயே மறைந்தார்கள்.

இதனுள் மூன்று நெறிகளைக் காண்கிறோம். பலரைக் கலந்த பின்னரே மக்களைக் கட்டுப்படுத்தும் முடிவை எடுத்தல்; விதியின் பெயரால் தடுப்பு முயற்சியைக் கைவிடாமை; ஆபத்துக்கு உள்ளானோரோடு பொறுப்புடையோர் உடனிருத்தல். "வெளியேறாதீர்" என்று சொல்லும் சமுதாயம், உள்ளே இருப்போருக்கு உணவும் மருந்தும் கொண்டு சேர்க்கவும் கடமைப்பட்டது என்பது இதிலிருந்து நாம் பெறும் முடிவு.

இழப்பீடும் தண்டனையும்

கள்ளக்குறிச்சியில் இறந்தோர் குடும்பம் ஒவ்வொன்றுக்கும் தமிழ்நாடு அரசு 10 லட்சம் ரூபாய் அறிவித்தது. பெற்றோர் இருவரையும் இழந்த பிள்ளைகளுக்கு 18 வயது வரை மாதம் 5,000 ரூபாயும், பட்டப்படிப்பு வரை கல்விச் செலவும் வழங்கப்படும் என்றது. சட்டத்தை மீறிக் குடித்தவருக்குப் பொதுப்பணமா என்ற எதிர்ப்பும் எழுந்தது. உயர் நீதிமன்றத்தில் வழக்கும் தொடரப்பட்டது. உழைக்கும் இடத்தில் விபத்தில் இறப்பவரின் குடும்பத்துக்கு இதைவிடக் குறைந்த தொகை கிடைப்பதைச் சுட்டிக் காட்டுவோரின் வாதத்தில் நியாயம் உண்டு.

ஆயினும் இழப்பீட்டைப் பெறுவோர் குடித்தவர் அல்லர். அவர்தம் மனைவியரும் மக்களும் முதிய பெற்றோருமே பெறுகின்றனர். ஊரறிய விற்கப்பட்ட நஞ்சைத் தடுக்கத் தவறிய அரசு அவர்களுக்குக் கடன்பட்டிருக்கிறது. தொகையின் அளவு பற்றி வாதிடலாம். பிள்ளைகளின் உரிமை பற்றி வாதிட இடமில்லை என்பது எமது கருத்து.

பீகார் மாநிலம் இதற்கு ஒப்புநோக்கத் தக்கது. அங்கு 2016 முதல் முழு மதுவிலக்கு உள்ளது. 2022 டிசம்பரில் சரண் மாவட்டத்தில் நச்சுச் சாராயத்தால் எழுபதுபேர் அளவில் இறந்தபோது, இழப்பீடு கிடையாது என அரசு உறுதியாகக் கூறியது. சில மாதங்களிலேயே, 2023 ஏப்ரலில், நிலையை மாற்றிக்கொண்டு 4 லட்சம் ரூபாய் அறிவித்தது. சாராயம் வந்த வழியைக் குடும்பத்தார் எழுத்தில் தெரிவிக்க வேண்டும் என்ற நிபந்தனையும் இருந்தது. மறைப்பதைத் தண்டிப்பதைவிட, உண்மை சொல்வதற்கு வழி திறப்பதே பயன் தரும் என்பதை அனுபவமே அங்கு கற்பித்தது எனலாம்.

தண்டனையும் வேண்டும்; அஃது உரிய இடத்தில் விழ வேண்டும். 2024 ஜூன் 29 அன்று சட்டப்பேரவை மதுவிலக்குச் சட்டத்தைத் திருத்தி, உயிரிழப்புக்குக் காரணமான கள்ளச்சாராயக் குற்றத்துக்கு ஆயுள் சிறை வரை தண்டனையைக் கூட்டியது. இது விற்பவரை நோக்கியது; வரவேற்கத் தக்கது. எனினும் மெத்தனால் உரிமத்தோடு மட்டுமே கையாளப்பட வேண்டிய தொழிற்சாலைப் பொருள். அதன் ஒவ்வொரு பீப்பாயும் எங்கே புறப்பட்டு எங்கே சேர்கிறது என்னும் கணக்குச் சரியாக இருந்தால், கடைசியில் பாக்கெட் விற்பவரைத் தேடும் வேலையே பெரிதும் குறையும்.

மலைமக்கள் சார்பில் ஒரு சொல்

இத்துயரத்தின்பின் கல்வராயன் மலையில் சோதனைகள் நடந்தன. பெருமளவு ஊறல் அழிக்கப்பட்டது. சட்டப்படி அது சரியே. ஆனால் மெத்தனால் மலையில் விளைவதன்று. தொழிற்சாலையிலிருந்து கடத்தப்பட்ட நஞ்சின் பழியையும் மலைமக்கள் தலையில் ஏற்றுவது அறமன்று. காய்ச்சுவோரைச் சிறையில் அடைத்து, அவர்தம் நிலத்துக்குச் சாலையும் விளைபொருளுக்குச் சந்தையும் இல்லாமல் விட்டால், விடுதலை பெற்று வருபவர் முன் பழைய வழியே நிற்கும்.

சென்னை உயர் நீதிமன்றம் 2024இல் கல்வராயன் மலைமக்களின் வாழ்க்கை நிலை பற்றித் தானாகவே முன்வந்து வழக்கை எடுத்துக்கொண்டு, சாலை, மருத்துவம், கல்வி முதலிய அடிப்படைத் தேவைகள் குறித்து அரசிடம் விளக்கம் கேட்டது. கள்ளச்சாராயத்தைக் காவல்துறைச் சிக்கலாக மட்டும் காணாமல் வாழ்வாதாரச் சிக்கலாகவும் கண்ட நோக்கு இது. 2006ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டத்தின்படி நிலவுரிமை, மலைப்பாதைகளுக்கு வண்டி வசதி, ஆரம்ப சுகாதார நிலையங்களில் குடிநோய் மீட்புச் சிகிச்சை ஆகியன மதுவிலக்கின் பகுதிகளே என்று கொள்ளுதல் வேண்டும்.

நாம் செய்யத் தக்கவை

ஒரே தெருவில் இருவர் மூவருக்குக் கண் மங்கலும் வாந்தியும் வயிற்றுவலியும் ஒருங்கே தோன்றினால், காரணம் உறுதியாகும் முன்னரே 108 ஊர்தியை அழைத்து, உடன் குடித்தவர் அனைவரையும் நலமாக இருப்பினும் மருத்துவமனைக்கு அனுப்ப வேண்டும். என்ன குடித்தார் என்பதை மருத்துவரிடம் மறைக்கலாகாது என்பதை மாணவர் தத்தம் ஊரில் எடுத்துச் சொல்லலாம். நோயாளியின் படுக்கையருகே விசாரணை வேண்டா. மருத்துவர் இசைந்த பின்னரே வாக்குமூலம் என்னும் முறையை அதிகாரிகளிடம் வலியுறுத்தலாம். ஜமாஅத் பெரியோர், தம் பகுதியில் குடிக்கு அடிமையானவரை ஒதுக்கி வைப்பதற்கு மாறாகச் சிகிச்சைக்கு அழைத்துச் செல்லும் பொறுப்பை ஏற்கலாம். ஆசிரியர், பெற்றோரை இழந்த பிள்ளையை வகுப்பில் எவரும் தந்தையின் பழியால் அழைக்காதவாறு காக்கலாம்.

நிறைவுரை

பொதுநல அறத்தின் விதிகளை நூல்கள் விரிவாகப் பேசுகின்றன. கட்டுப்பாடு சட்டத்துக்கு உட்பட்டதாகவும், தேவைக்கு மேற்படாததாகவும், பாகுபாடு அற்றதாகவும் இருக்க வேண்டும் என்பது இன்று உலகம் ஒப்பிய கொள்கை. இவை யாவற்றுக்கும் அடியில் இருப்பது எளிய வரிசை ஒன்றே: முதலில் உயிர், அடுத்து உண்மை, அதன் பின்னரே தீர்ப்பு. புனேயிலும் சென்னையிலும் கள்ளக்குறிச்சியிலும் அவ்வரிசை பிறழ்ந்த இடங்களில் நோய் வளர்ந்தது. பேணப்பட்ட இடங்களில் உயிர்கள் மீண்டன. மதுவை வெறுக்கும் உரிமை நமக்கு உண்டு. நஞ்சுண்டு கண்ணொளி மங்கி வாசலில் நிற்பவரைக் கைப்பிடித்து மருத்துவமனைக்கு அழைத்துச் செல்லும் கடமையும் நமக்கே உண்டு.